யார் பதிவேட்டில் எழுதிய ஆண்டுகள்? சித்தூர், திருப்பதிப் பள்ளித் தலைமையாசிரியர் பதவி வழக்குகளின் வரலாறு

1911 ஏப்ரல் 1 அன்று வட ஆற்காடு, கடப்பை, நெல்லூர் மாவட்டங்களின் வட்டங்களைச் சேர்த்துச் சென்னை மாகாணத்தில் சித்தூர் மாவட்டம் அமைக்கப்பட்டபோது, அதன் பள்ளிகள் ஒரே கையில் இருக்கவில்லை. சித்தூரிலும் மதனப்பள்ளியிலும் அமெரிக்க ஆற்காடு மிஷன் பள்ளி நடத்தியது. திருப்பதியில் ஜெர்மானிய லூத்தரன் மிஷனின் பள்ளி இருந்தது, திருத்தணியில் பிறந்த சர்வபள்ளி ராதாகிருஷ்ணன் இளமையில் படித்தது அங்கேதான். 1843 முதல் 1933 வரை திருமலைக் கோயிலை நிர்வகித்த ஹாத்திராம்ஜி மடத்து மகந்துகளின் ஆதரவில் நடந்த பள்ளிகளும், மாவட்டக் கழகம் எனப்பட்ட ஜில்லா போர்டின் பள்ளிகளும், நகராட்சியின் பள்ளிகளும், அரசு நேராக நடத்திய சில பள்ளிகளும் இவற்றோடு சேர்ந்து நின்றன. ஒவ்வொரு நிர்வாகமும் தன் ஆசிரியருக்குத் தானே சம்பளம் தந்து, பணிமூப்பு வரிசையையும் தானே எழுதி வைத்துக்கொண்டது. தலைமையாசிரியர் பதவிக்கு இத்தனை ஆண்டு அனுபவம் வேண்டும் என்று விதிகள் சொல்லத் தொடங்கியபோது எழுந்த வழக்குகளில் பெரும்பாலானவை ஆண்டுகளின் எண்ணிக்கையைப் பற்றியவை போலத் தோன்றினாலும், அடியில் கிடந்த கேள்வி வேறு: அந்த ஆண்டுகள் யாருடைய பதிவேட்டில் எழுதப்பட்டவை என்பதே அது.

சென்னை மாகாணத்தில் உயர்நிலைப் பள்ளித் தலைமைக்கு முதலில் கேட்கப்பட்டது ஆண்டுகள் அல்ல, பட்டமும் பயிற்சியும்தான். சைதாப்பேட்டை ஆசிரியர் கல்லூரி போன்ற இடங்களில் பயின்று பெறும் எல்.டி. எனப்பட்ட ஆசிரியப் பயிற்சிப் பட்டம், பிற்காலத்தில் பி.டி. என்றும் பி.எட். என்றும் பெயர் மாறியது. அதைப் பெற்றவர் ‘பயிற்சி பெற்ற பட்டதாரி’ என்று தனி வகுப்பாக எண்ணப்பட்டார். மானியம் பெறும் பள்ளிக்கு அங்கீகாரம் வேண்டுமானால் அத்தகைய ஒருவர் தலைமையில் இருக்க வேண்டும் என்பதே கல்வித் துறையின் முதன்மையான வலியுறுத்தல். அனுபவம் என்பது ஆய்வாளரின் குறிப்பேட்டிலும் நிர்வாகியின் மதிப்பீட்டிலும் இருந்ததே தவிர, நீதிமன்றத்தில் கோரிப் பெறும் உரிமையாக இருக்கவில்லை. பணிவிதிகள் மீறப்பட்டதாக ஓர் ஊழியர் வழக்குத் தொடுக்க முடியுமா என்ற கேள்வியை லண்டன் பிரிவி கவுன்சில் தீர்த்துவைத்தது சென்னையிலிருந்தே சென்ற ஒரு வழக்கில்தான். அரசு அச்சகத்தில் வேலை பார்த்த வெங்கடராவ் என்பவரின் அந்த வழக்கு 1937ஆம் ஆண்டுத் தொகுப்பில் பதிவாகியுள்ளது. விதிகள் அரசைக் கட்டுப்படுத்தும் நெறிகளாக இருக்கலாம், ஆனால் ஊழியர் அவற்றை வைத்துக்கொண்டு நீதிமன்றத்தில் பரிகாரம் கேட்க முடியாது என்பது அதன் சாரம். அரசு ஊழியருக்கே நிலைமை இதுவென்றால், ஜில்லா போர்டின் ஆசிரியருக்குப் போர்டுத் தலைவரிடமும், அதற்கு மேல் அரசிடமும் மனுப் போடுவதைத் தவிர வழியில்லை. திருச்சானூரில் பிறந்து, 1912இல் கணித ஆசிரியராகத் தொடங்கி, 1915இல் வழக்கறிஞராக மாறிய அனந்தசயனம் அய்யங்கார் பின்னாளில் மக்களவைத் தலைவரானவர். ஆசிரியத் தொழிலையும் வழக்கறிஞர் தொழிலையும் இரண்டையும் அறிந்த அவரைப் போன்றவர் அந்த வட்டாரத்தில் இருந்தும்கூட, ஆசிரியர் தம் பதவி உயர்வுக்காக நீதிமன்றப் படி ஏறும் காலம் அப்போது வந்திருக்கவில்லை.

அந்தக் காலத்தைக் கொண்டுவந்தது 1950ஆம் ஆண்டின் அரசமைப்புச் சட்டம். பொது வேலையில் சம வாய்ப்பு என்ற 16ஆம் உறுப்பும், உயர் நீதிமன்றம் நீதிப்பேராணை பிறப்பிக்கலாம் என்ற 226ஆம் உறுப்பும் சேர்ந்தபோது, பணிமூப்புப் பட்டியலில் தன் பெயர் கீழே போடப்பட்டதை ஓர் ஆசிரியர் முதன்முறையாகச் சட்டப்படி கேட்க முடிந்தது. ஆனால் சித்தூர்க்காரருக்கு அந்த நீதிமன்றம் ஓரிடத்தில் நிலைத்து நிற்கவில்லை. முதலில் அது பக்கத்திலிருந்த சென்னை. ஆந்திர மாநிலம் 1953 அக்டோபர் 1 அன்று பிரிந்தபின், 1954 ஜூலை 5 முதல் குண்டூர். 1956 நவம்பர் முதல் ஐதராபாத். 2019 ஜனவரி 1 முதல் அமராவதி. வழக்கு நடத்தும் செலவில் ரயில், பேருந்துக் கட்டணத்துக்கும் விடுப்புக் கணக்குக்கும் உரிய பங்கைச் சட்ட நூல்கள் எழுதுவதில்லை. எழுதினால், சங்கங்களின் பெயரில் வழக்குகள் தொடுக்கப்படுவது ஏன் என்பது எளிதில் விளங்கும்.

1959இல் ஆந்திரப் பிரதேசம் பஞ்சாயத்து சமிதிகள், ஜில்லா பரிஷத்துகள் சட்டத்தை இயற்றியதும் பழைய ஜில்லா போர்டின் உயர்நிலைப் பள்ளிகள் ஜில்லா பரிஷத் உயர்நிலைப் பள்ளிகளாயின. சித்தூர் மாவட்டத்தின் கிராமங்களில் உயர்நிலைப் பள்ளி என்றாலே இன்றும் பரிஷத் பள்ளிதான். அடுத்த ஆண்டே, 1960 ஏப்ரல் 1 அன்று, இரு மாநில எல்லைத் தகராறில் படாஸ்கர் அளித்த தீர்வின்படி திருத்தணிப் பகுதி சென்னை மாநிலத்துக்கும், சத்தியவேடு வட்டாரம் ஆந்திரத்துக்கும் கைமாறின. எல்லைக்கோடு ஒரே நாளில் நகர்ந்துவிடும். அந்தக் கோட்டுக்கு உள்ளே இருந்த ஆசிரியரின் பணிக்காலம் அவ்வாறு நகர்வதில்லை, அதை ஒரு நிர்வாகம் எழுதிக் கொடுத்து இன்னொரு நிர்வாகம் ஏற்றுக்கொள்ள வேண்டியிருக்கிறது.

அப்படி எழுதப்படும் இடமே பணிப்பதிவேடு. ஆந்திரப் பள்ளி அலுவலகங்களில் ‘எஸ்.ஆர்.’ என்று சுருக்கமாக அழைக்கப்படும் நீண்ட கட்டுப் புத்தகம். முதல் பக்கத்தில் பிறந்த தேதி எண்ணாலும் எழுத்தாலும் குறிக்கப்பட்டு, அடையாள மச்சங்களும் விரல் ரேகைகளும் பதியப்பட்டிருக்கும். உள்ளே நியமனம், பணியில் சேர்ந்த நாள், தகுதிகாண் பருவம் நிறைவுற்றது, ஆண்டு ஊதிய உயர்வு, விடுப்பு, மாறுதல், தேறிய துறைத் தேர்வுகள் என்று வரிசையாகப் பதிவுகள் ஓடும். ஒவ்வொன்றின் எதிரிலும் அலுவலகத் தலைவரின் கையொப்பம் இருக்கும். உயர்நிலைப் பள்ளி ஆசிரியருக்கு அந்த அலுவலகத் தலைவர் பெரும்பாலும் அவருடைய தலைமையாசிரியர்தான். நாளை அதே நாற்காலிக்கு உரிமை கோரப்போகிறவரின் அனுபவத்துக்கு இன்று அதில் உட்கார்ந்திருப்பவரே சான்று தருகிறார் என்பது இந்த ஏற்பாட்டின் உள்ளடங்கிய வேடிக்கை. தேதி அடித்துத் திருத்தப்பட்ட ஒரு வரி, கையொப்பம் விடுபட்ட ஒரு பதிவு, மாறுதலின்போது இரண்டு பள்ளிகளுக்கும் நடுவே விழுந்த சில நாள் இடைவெளி ஆகியவை வழக்குக்கு விதையாகப் போதுமானவை.

ஆந்திரத்தில் ஓர் உதவியாசிரியர், அதாவது பாட ஆசிரியரான ‘ஸ்கூல் அசிஸ்டன்ட்’, இரண்டாம் நிலை கெசட்டட் தலைமையாசிரியராக உயர வேண்டுமானால், பட்டமும் பி.எட்.டும், கீழ்ப் பதவியில் குறைந்தபட்சப் பணிக்காலமும், துறைத் தேர்வுகளில் தேர்ச்சியும் வேண்டும். கெசட்டட் அதிகாரிகள் தேர்வு, செயல் அலுவலர் தேர்வு என்ற அந்தத் துறைத் தேர்வுகள் கற்பித்தலைச் சோதிப்பவை அல்ல. கோப்பு, கணக்கு, விதி ஆகியவற்றில் பழக்கத்தைச் சோதிப்பவை. வகுப்பறையில் கழிந்த ஆண்டுகள் ஒருவரை வகுப்பறைக்கு வெளியே உள்ள பதவிக்குத் தகுதியாக்கிவிடாது என்ற ஐயம் இந்த ஏற்பாட்டிலேயே பதிந்துள்ளது. கேரளத்திலும் இதே ஐயம் உண்டு: உதவிபெறும் உயர்நிலைப் பள்ளித் தலைமைக்குப் பன்னிரண்டு ஆண்டுப் பட்டதாரிப் பணியோடு கணக்குத் தேர்வையும் கல்வி விதிகள் பற்றிய தேர்வையும் அங்குள்ள விதிகள் கேட்கின்றன.

ஆனால் அரசு ஆசிரியர்களும் பரிஷத் ஆசிரியர்களும் எதிரெதிரே நின்ற பெரிய வழக்குக்குக் காரணம் இந்தத் தேர்வுகள் அல்ல. தெலங்கானாவில் உள்ளூர்வாசிகளுக்கே வேலை என்ற முல்கி விதிகள் செல்லும் என்று 1972 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்ததும், கடலோரத்திலும் ராயலசீமையிலும் ஜெய் ஆந்திரா கிளர்ச்சி எழுந்தது. அதைத் தணிக்க 1973இல் ஆறு அம்சத் திட்டம் வகுக்கப்பட்டு, 32ஆவது திருத்தத்தால் அரசமைப்பில் 371-டி உறுப்பு நுழைந்தது. அதன்கீழ் 1975 அக்டோபரில் பிறந்த குடியரசுத் தலைவர் ஆணை மாநிலத்தை ஆறு மண்டலங்களாகப் பிரித்தது. சித்தூர், கடப்பை, அனந்தப்பூர், கர்நூல் நான்கும் நான்காம் மண்டலம். ஒவ்வொரு பதவிக்கும் அது எந்த மாவட்டத்தினுடையது அல்லது எந்த மண்டலத்தினுடையது என்று வரம்பு கட்டிய குழுவுக்கு உள்ளூர்ப் பணியமைப்பு என்று பெயர். பணிமூப்பும் பதவி உயர்வும் அந்த வரம்புக்குள்ளேயே நடக்க வேண்டும். பாட ஆசிரியர் பதவி மாவட்ட அளவிலானது, கெசட்டட் தலைமையாசிரியர் பதவி மண்டல அளவிலானது.

371-டி உறுப்பின் வாசகத்தில் ஒரு சிறிய வேறுபாடு இருந்தது. அதன்மேல் பிறகு நாற்பது ஆண்டு வழக்கு கட்டப்பட்டது. உள்ளூர்ப் பணியமைப்பாகத் தொகுக்கக்கூடியவை மாநில அரசின் குடிமைப் பணிகளும் பதவிகளும்தான் என்று அது சொன்னது. நேரடி நியமனத்துக்கான உள்ளூர்ப் பகுதியைக் குறிக்கும்போதும், நிர்வாகத் தீர்ப்பாயத்தின் அதிகார வரம்பைக் குறிக்கும்போதும் மட்டும் உள்ளாட்சிகளின் கீழுள்ள பதவிகளையும் சேர்த்துக்கொண்டது. ஆகவே பரிஷத் ஆசிரியர் ஒருவர் வேலைக்குச் சேரும்போது உள்ளூர்வாசி விதிக்கு உட்பட்டார், வழக்குப் போடத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டியிருந்தது, ஆனால் உள்ளூர்ப் பணியமைப்பு என்ற கட்டுக்குள் மட்டும் அவர் இல்லை. அரசுப் பள்ளி ஆசிரியர் மூன்றுக்கும் உள்ளே இருந்தார். ஒரே பாடத்திட்டம், ஒரே பொதுத்தேர்வு, ஒரே கல்வித் துறை. பணிமூப்பு மட்டும் இரண்டு.

மண்டலக் கல்வி அலுவலர் பதவிகள் எண்பதுகளின் நடுப்பகுதியில் மண்டல நிர்வாகம் வந்தபின் உருவானபோது இந்த வேறுபாடு வலிக்கத் தொடங்கியது. (இங்கே மண்டலம் என்பது பழைய தாலுகாவை உடைத்து உண்டாக்கிய சிறு வருவாய்ப் பிரிவு, நான்காம் மண்டலம் என்றதிலுள்ள மண்டலம் நான்கு மாவட்டங்களைச் சேர்த்தது. ஆந்திரக் கல்வித் துறைக் கோப்புகளைத் தமிழில் வாசிப்பவர் இந்தச் சிக்கலிலிருந்து தப்ப முடியாது.) பிரிவதற்கு முன்னைய சித்தூர் மாவட்டத்தில் 66 மண்டலங்கள். அவற்றின் பள்ளிகளில் மிகுதியும் பரிஷத் பள்ளிகள். அவற்றைக் கண்காணிக்கும் பதவிக்கு உரிமை தங்களுக்கே என்று எண்ணிக்கையில் சிறுபான்மையான அரசு ஆசிரியர்கள் வாதிட்டனர். பரிஷத் தலைமையாசிரியர்கள் தாங்கள் உயர்நிலைப் பள்ளிகளில் கழித்த ஆண்டுகள் அரசுப் பள்ளியில் கழித்த ஆண்டுகளுக்கு எந்த வகையில் குறைவு என்று கேட்டனர். இரு தரப்பும் சொன்னது சட்டப்படி தவறல்ல என்பதால்தான் வழக்கு முடியவில்லை.

1998 நவம்பரில் மாநில அரசு இரு பிரிவுகளையும் ஒரே பணிவிதிகளின் கீழ்க் கொண்டுவர அரசாணைகள் பிறப்பித்தது. அரசு ஆசிரியர் சங்கம் எதிர்த்தது. வழக்கு தீர்ப்பாயம், உயர் நீதிமன்றம் என்று ஏறி உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. குடியரசுத் தலைவர் ஆணையில் திருத்தமின்றி இணைப்பு செல்லாது என்ற நிலை 2015 செப்டம்பரில் உறுதியானது. 2017 ஜூன் 23 அன்று மத்திய அரசு அந்தத் திருத்தத்தையும் 1998 நவம்பர் 20 முதல் பின்தேதியிட்டு வெளியிட்டது. ஐதராபாத் உயர் நீதிமன்றம் 2018 ஆகஸ்டில் அதையும் ரத்து செய்தது. ஓர் ஆசிரியர் முப்பது வயதில் பணியில் சேர்ந்து, இருபது ஆண்டுப் பாட ஆசிரியராக உழைத்து, ஐம்பதில் தலைமையாசிரியராகி, கல்வி அலுவலர் பதவிக்குக் காத்திருந்து ஓய்வுபெற எடுக்கும் காலம் முழுவதையும் இந்த வழக்கு விழுங்கிவிட்டது. தீர்ப்பு எந்தப் பக்கம் வந்திருந்தாலும் அதனால் பயன்பெற்றிருக்க வேண்டிய பலர் பட்டியலிலிருந்தே போய்விட்டனர்.

இடைக்காலத்தில் நாற்காலிகள் காலியாக இருக்கவில்லை. ‘எப்.ஏ.சி.’ என்று கல்வித் துறை முழுவதும் புழங்கும் முழுக் கூடுதல் பொறுப்பு முறையில், பக்கத்துப் பள்ளித் தலைமையாசிரியரே மண்டலக் கல்வி அலுவலராகவும் கையொப்பமிட்டார். அவர் பள்ளியில் மூத்த பாட ஆசிரியர் பொறுப்புத் தலைமையாசிரியராக இருந்தார். பொறுப்பாகக் கழித்த காலம் அனுபவமா என்ற கேள்விக்குச் சென்னை மாகாணம் விட்டுச்சென்ற பழைய விதி ஒன்று பதில் சொல்கிறது. மாநில, சார்நிலைப் பணிகள் விதிகளின் 10(அ)(1) பிரிவின்படி, பொதுநலன் கருதி அவசரத்தில் தற்காலிகமாக நியமிக்கப்பட்டவர் தகுதிகாண் பருவத்தினராகக் கருதப்பட மாட்டார், அந்த நியமனத்தை மட்டும் காட்டி முன்னுரிமை கோரவும் முடியாது. மாநிலம் பிரிந்தபின் ஆந்திரம் இதைத் தன் விதிகளிலும் வைத்துக்கொண்டது. மகாராஷ்டிரப் பொறியாளர்கள் வழக்கில் 1990இல் உச்ச நீதிமன்ற அரசமைப்பு அமர்வு இதையே விரித்துரைத்தது: விதிப்படி நியமிக்கப்பட்டவரின் பணிமூப்பு நியமன நாளிலிருந்து எண்ணப்படும், விதிக்குப் புறம்பாக, இடைக்கால ஏற்பாடாக வந்தவரின் காலம் எண்ணப்படாது. சட்டத்தின் நோக்கில் இது நேர்மையான வரம்புதான், பொறுப்பை வேண்டியவருக்குக் கொடுத்துப் பின்னர் அதையே தகுதியாகக் காட்டும் குறுக்கு வழியை அது அடைக்கிறது. ஆனால் நியமனமே நடைபெறாமல் அரசு ஆண்டுக்கணக்கில் பொறுப்பிலேயே பள்ளிகளை ஓட்டும்போது, பத்து ஆண்டு தலைமை வகித்தவர் ஏட்டின்படி ஒருநாளும் தலைமையாசிரியராக இருந்திராதவர் ஆகிறார். இந்த இழப்புக்கு அந்த விதியில் பரிகாரம் இல்லை.

எண்ணத் தக்க ஆண்டுகள் எப்போது தொடங்குகின்றன என்பது இன்னொரு சண்டை. புதுச்சேரிப் பொதுப்பணித் துறையைப் பற்றிய சுரேஷ்நாதன் வழக்கில், பட்டதாரிக்கு மூன்று ஆண்டு, பட்டயதாரிக்கு ஆறு ஆண்டு என்று விதி இருந்தது; பணியிலிருந்தபடியே பட்டம் பெற்ற பட்டயதாரிகள் தங்கள் பழைய ஆண்டுகளையும் மூன்றில் சேர்க்கக் கேட்டனர். 1991இல் உச்ச நீதிமன்றம், அந்தத் துறையின் நீண்ட நடைமுறையைப் பார்த்து, பட்டத்துக்குப் பின்னுள்ள மூன்று ஆண்டே கணக்கு என்றது. இரண்டு ஆண்டு கழித்து மத்தியப் பிரதேச வழக்கொன்றில், விதியின் சொற்கள் வேறு என்று, முன்னைய பணியையும் சேர்த்துக்கொண்டது. இடைநிலை ஆசிரியராகச் சேர்ந்து மாலைக் கல்லூரியிலும் தொலைநிலையிலும் பி.எட். முடித்துப் பாட ஆசிரியரானவர்கள் இந்த இரண்டு தீர்ப்புகளையும் எதிரெதிராக மேற்கோள் காட்டிக்கொள்வது ஆசிரியர் வழக்குகளின் வாடிக்கை.

ஆந்திரப் பதிவுத் துறை எழுத்தர்கள் தொடர்பாக 1983இல் வந்த ரங்கையா தீர்ப்பு, பதவி காலியான நாளில் இருந்த விதியே அதை நிரப்பவும் பொருந்தும் என்று கொள்ளப்பட்டது. பட்டியலைத் தாமதித்துத் தயாரித்து, இடையில் அனுபவ நிபந்தனையை மாற்றும் அரசுக்கு எதிராக ஆசிரியர்கள் ஏறக்குறைய நாற்பது ஆண்டு பிடித்துக்கொண்ட கயிறு அதுதான். 2022இல் இமாச்சலப் பிரதேச வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை அறுத்துவிட்டது. விதியில் இல்லாத தளர்வை நியமிப்பவர் தாமாகச் செய்வதற்கு எதிரான கடுமையான சொற்களும் ஆந்திரப் பள்ளி வழக்கிலிருந்தே வந்தவை. விஜயநகரம் சமூகநல உறைவிடப் பள்ளியில் இரண்டாம் வகுப்பு முதுகலை என்று விளம்பரம் கேட்டிருக்க, மூன்றாம் வகுப்புப் பெற்றவர் தேர்வானார். அத்தகைய நியமனம் நியமிப்பவருக்கும் பெறுபவருக்கும் இடையிலான விஷயம் மட்டுமல்ல, அந்த நிபந்தனையைப் பார்த்து விண்ணப்பிக்காமலே இருந்துவிட்ட அனைவரும் பாதிக்கப்பட்டவர்களே என்று 1990இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அனுபவ நிபந்தனையைத் தளர்த்தும் ஒவ்வொரு சலுகை ஆணையின் எதிரிலும் அந்த வாதம் வைக்கப்படுகிறது.

இந்த வழக்குகள் முதலில் சென்ற நிர்வாகத் தீர்ப்பாயத்தின் கதையும் சுருக்கமாகச் சொல்லத் தக்கது. 1976 முதல் ஐதராபாத்தில் இயங்கிய அதன் ஆணையை மாநில அரசே மாற்றவோ நீக்கவோ செய்யலாம் என்று 371-டியின் ஐந்தாம் பிரிவு அனுமதித்தது. வழக்கில் தோற்ற தரப்பே தீர்ப்பைத் திருத்தும் இந்த விந்தையை 1986 டிசம்பரில் சாம்பமூர்த்தி வழக்கில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்றது. 1997இல் சந்திரகுமார் தீர்ப்பு தீர்ப்பாயங்களுக்கு மேல் உயர் நீதிமன்ற மேற்பார்வையை மீட்டது.

திருப்பதி நகரத்துக்குள் வந்தால் பதிவேடுகளின் எண்ணிக்கை கூடுகிறது. 1932ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவான திருமலை திருப்பதி தேவஸ்தானம் தன் பள்ளி, கல்லூரி ஆசிரியர்களுக்குத் தனிப் பணிவிதிகளை வைத்திருக்கிறது. மிஷன் பள்ளிகள் சிறுபான்மை நிறுவனங்கள் என்பதால், விதித்த தகுதி உடையவர்களுக்குள் தாம் விரும்பியவரைத் தலைமைக்குத் தேர்ந்தெடுக்கலாம், பணிமூப்பு அவர்களைக் கட்டாது என்று 1998இல் கேரளத்தின் அம்மது வழக்கிலும் 2006இல் மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கிலும் நிலைநாட்டப்பட்டது. கேந்திரிய வித்யாலயம் தன் முதல்வர்களை அகில இந்திய அளவில் எடுக்கிறது. நகராட்சிப் பள்ளிகளின் மேற்பார்வை 2022இல்தான் பள்ளிக் கல்வித் துறைக்கு மாற்றப்பட்டது. ஒரு தெருவில் அடுத்தடுத்துள்ள மூன்று பள்ளிகளில் ஒரே ஆண்டு வேலைக்குச் சேர்ந்த மூவர், ஒருவர் பணிமூப்பில் மற்றவர் குறுக்கிடாமல், மூன்று வெவ்வேறு வயதில் தலைமையாசிரியராக முடியும்.

2022 ஏப்ரல் 4 அன்று சித்தூர் உடைந்து, திருப்பதி தனி மாவட்டமாகி, மதனப்பள்ளிப் பக்கம் அன்னமய்யா மாவட்டத்துக்குப் போனது. புதிய திருப்பதி மாவட்டத்தில் பழைய நெல்லூர் மாவட்டத்தின் கூடூர், சூலூர்ப்பேட்டை, வெங்கடகிரிப் பகுதிகளும் சேர்க்கப்பட்டன. நெல்லூர் 1975 ஆணையின்படி மூன்றாம் மண்டலம், சித்தூர் நான்காம் மண்டலம். ஆகவே ஒரே மாவட்டக் கல்வி அலுவலரின் கீழ் பணிபுரிவோர் இரண்டு மண்டலப் பட்டியல்களில் தலைமையாசிரியர் பதவிக்குக் காத்திருக்கும் நிலை உண்டாயிற்று. அதே ஆண்டில் பரிஷத் தரப்பின் நீண்ட மனக்குறைக்கு அரசு கண்ட வழி, மண்டலந்தோறும் இரண்டாவது கல்வி அலுவலர் பதவி ஒன்றை உண்டாக்குவது. இணைக்க முடியாத இரு வரிசைகளுக்கும் ஆளுக்கொரு நாற்காலி. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம், ஒன்று முதல் எட்டாம் வகுப்பு வரை கற்பிப்போர் பதவி உயர்வு பெறவும் ஆசிரியர் தகுதித் தேர்வில் தேறியிருக்க வேண்டும் என்று சொல்லி, ஓய்வுக்கு ஐந்து ஆண்டுக்கு மேல் உள்ளவர்களுக்கு இரண்டு ஆண்டு அவகாசம் தந்தது. பதிவேட்டில் இருபது ஆண்டு உள்ளவரும் இனி அந்தத் தேர்வுச் சான்றில்லாமல் பட்டியலில் ஏற முடியாது. அதே 2025இல் ஆந்திர அரசு 16,347 ஆசிரியர் இடங்களுக்கு நடத்திய மாவட்டத் தேர்வுக் குழுத் (டி.எஸ்.சி.) தேர்வு, பழைய பதின்மூன்று மாவட்டங்களின் கணக்கிலேயே விளம்பரமானது. திருப்பதி நகரப் பள்ளியில் அதன்வழி பணியில் சேர்ந்த இளம் ஆசிரியரின் முதல் ஆண்டு, சித்தூர் என்ற பழைய மாவட்டத்தின் வரிசையில் எழுதப்படத் தொடங்கியிருக்கிறது.